அஞ்சு ராத்தல்

விஜிதா என்ன வேலை செய்கிறாள் என்று சிரம்பான் தெமியாங்கில் யாராவது கேட்டால், அவள் அப்பா பிரேமநாதன், "டிசைன் செய்யிறா" என்று சொல்லிவிட்டுப் பேச்சை மழைக்கு மாற்றிவிடுவார். பல்துறைக் கலைஞர் என்று சொன்னால் அடுத்த கேள்வி வரும். அதற்கு அவரிடம் பதில் கிடையாது. மகள் துணி தைப்பாள், ஒலிப்பதிவு செய்வாள், படம் பிடிப்பாள், களிமண்ணில் எதையாவது பிசைந்து காயவைப்பாள். பிறகு எல்லாவற்றையும் ஓர் அறையில் தொங்கவிட்டு, வாசலில் 'அடையாளம், மரபு, சொந்தம்' என்று எழுதி வைப்பாள். பார்க்க வருகிறவர்கள் தாடையைத் தடவிக்கொண்டு நிற்பார்கள்.

அவளைக் கிண்டல் செய்வது சுலபம். ஆனால் அந்த மூன்றாவது சொல் அவளுக்கு நிஜமாகவே வலித்த ஒன்று. பள்ளியில் தோட்டத்துப் பிள்ளைகள் அவளை உத்தியோகஸ்தர் வம்சம், கிராணி வீட்டுப் பிள்ளை என்று தள்ளி வைத்தார்கள். கோலாலம்பூரில், "நீங்கல்லாம் சிலோன்காரங்க லா, வேற ஆளுங்க" என்றார்கள். பூர்வீகத்தைப் பார்க்கலாம் என்று யாழ்ப்பாணம் போனால், முதல் கடையிலேயே, "தங்கச்சி எந்த நாடு?" என்று கேட்டார்கள். முப்பத்து நான்கு வயதாகியும் இதுதான் என் இடம் என்று கால் ஊன்ற ஓர் அடி நிலம் அவளுக்கு அகப்படவில்லை.

அப்படித் தேடித் தேடித்தான் தாத்தாவிடம் வந்து சேர்ந்தாள். தாத்தா இராஜரத்தினம் லாபு பக்கத்து ரப்பர்த் தோட்டம் ஒன்றில் டிரெசராக இருந்தவர். தோட்டத்து ஆஸ்பத்திரியில் டாக்டர் மாதம் ஒருமுறைதான் வருவார். மிச்ச நாளெல்லாம் காய்ச்சலுக்கும் பாம்புக்கடிக்கும் பிரசவத்துக்கும் டிரெசர்தான். இருபத்தேழு வருஷம் அந்த வேலை பார்த்தார். தோட்டம் கைமாறி ஆஸ்பத்திரியை மூடியபோது, அவர் எழுதி வைத்திருந்த ஐந்து பிரசவப் புத்தகங்களையும் அங்கே கேட்பார் இல்லை. குப்பையில் போட மனம் வராமல் வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார். அவர் போய்ச் சேர்ந்த பிறகும் அவை தெமியாங் வீட்டு அலமாரியில் கிடந்தன.

"அதுகளை என்ன செய்யப் போறாய்?" என்று பிரேமநாதன் கேட்டார்.

"ஒரு வேலைக்கு வேணும் அப்பா."

"கொண்டு போ பிள்ளை. கறையான் திண்டது போக மிச்சம் உனக்கு."

இராஜரத்தினம் எழுதும் முறை ஒன்று இருந்தது. தொழிலாளர் லயத்து வீட்டில் பிள்ளை பிறந்ததும் தூக்குத் தராசில் போட்டு, எடையை அங்கேயே புத்தகத்தில் பென்சிலால் குறித்துக்கொள்வார். ஈரக் கையோடு பேனாவைத் தொடமாட்டார். ஆஸ்பத்திரிக்குத் திரும்பி, கை கழுவி, மேசையில் உட்கார்ந்து, தாயின் பெயர், தேதி, லயம், வீட்டு எண் எல்லாவற்றையும் நீல மையில் நிறுத்தி எழுதுவார். ஒரு பிள்ளைக்கு ஒரு வரி. விஜிதா அந்தப் பக்கங்களைப் பார்த்துச் சொக்கிப்போனாள். பார்த்தாள் என்றுதான் சொல்ல வேண்டும், வாசித்தாள் என்று சொல்ல முடியாது. சாய்ந்து சாய்ந்து ஓடும் அந்த ஆங்கில எழுத்து அவள் கண்ணுக்கு ஓர் ஆற்றைப் போல இருந்தது. கலை உதவித்தொகை விண்ணப்பத்திலும் அப்படியே எழுதினாள்: பிறப்புகளின் ஆறு. தாள்களைக் கீற்றுக் கீற்றாகக் கிழித்து, நீரில் ஊறவைத்து, ரப்பர்ப் பாலில் தோய்த்து, அந்தக் காலத்து ரப்பர் ஷீட் போலவே உருளையில் அழுத்தித் தொங்கவிடப்போகிறாள். நகல் எடுத்து வைக்கமாட்டாள். நகல் இருந்தால் இழப்பு பொய்யாகிவிடும் என்று அதற்கும் இரண்டு பத்தி எழுதியிருந்தாள். விண்ணப்பத்தோடு அனுப்பப் பதினொரு பக்கங்களை மட்டும் படம் எடுத்தாள். உதவித்தொகை கிடைத்தது.

உருளை தேடித் தாத்தாவின் தோட்டத்துக்குப் போனபோதுதான் தாயம்மா கிடைத்தார்.

அந்தத் தோட்டத்தில் ரப்பர் போய், இப்போது பெரும்பாலும் எண்ணெய்ச் செம்பனை. அதிலும் பாதியை வீடமைப்புக்கு வெட்டிவிட்டார்கள். பழைய லயத்தில் நாலே நாலு குடும்பம் மிச்சம். வருஷக் கடைசிக்குள் காலி செய்ய வேண்டும் என்று நோட்டீஸ் ஒட்டியிருந்தது. தாயம்மாவுக்கு அறுபத்து மூன்று வயது. நீலாயில் ஒரு கல்லூரியில் தரை துடைக்கும் வேலை. புருஷன் இல்லை, பிள்ளையும் இல்லை. வீட்டுக்குப் பின்னால் துருப்பிடித்த கை உருளை ஒன்று இருந்தது, ஓடைப் பக்கம் பால் வடியும் மரங்கள் பதினைந்து இருபது இருந்தன.

"மெஷின் வேணும்னா எடுத்துக்க பாப்பா. ஆனா சுத்துறது நாந்தான்" என்றார் தாயம்மா.

"நானே சுத்திப் பாக்குறேன் ஆன்ட்டி. அதுவும் வேலையில சேந்ததுதான்."

"பல்லுச் சக்கரத்துல வெரலு மாட்டுனா வெரலு வராதுலா. டிரெசர் ஐயா பேத்தி கை போச்சுன்னா நான் யாருக்குப் பதில் சொல்றது?"

ஆறு மாதம் சனி ஞாயிறு தவறாமல் விஜிதா லாபுவுக்குப் போனாள். தெமியாங்கில் தாள்களை வாளியில் ஊறவைப்பாள். காலையில் பார்த்தால் மை கரைந்து தண்ணீர் நீலமாகியிருக்கும். அந்த நீலத்தையும் பாட்டிலில் பிடித்துக்கொண்டு வந்து பாலில் ஊற்றுவாள். பால் உறைந்ததும் தாயம்மா உருளையில் கொடுத்துச் சுற்றுவார். வெளிர் நீலத்தில் ஷீட்டுகள் நீண்டு நீண்டு வந்து விழும். கீற்றுகள் அதற்குள் எலும்புத் துண்டுகளாகக் கிடக்கும். விஜிதாவுக்கு உடம்பெல்லாம் புல்லரிக்கும். அவள் வாழ்க்கையில் அதற்கு முன்னும் பின்னும் அவ்வளவு சந்தோஷமாக இருந்ததில்லை.

"என்ன தாளு பாப்பா இது?" என்று ஒருநாள் தாயம்மா கேட்டார்.

"எங்க தாத்தா எழுதி வச்சது ஆன்ட்டி. பழசு."

"டிரெசர் ஐயாவா? எங்கம்மா சொல்லும், அவுரு கையாலதான் நான் பொறந்தேனாம். மழக்காலமாம். லயத்துக்குள்ள தண்ணி ஏறிப்போச்சாம். தராசுல போட்டுப் பாத்துட்டு, கோழிக்குஞ்சு கணக்கா இருக்கு, அஞ்சு ராத்தல்தான்னு சொன்னாராம்."

விஜிதா வாயெல்லாம் பல்லாக, ஒலிப்பதிவுக் கருவியைக் கையில் எடுத்து, "இன்னொரு தடவ சொல்லுங்க ஆன்ட்டி, மெதுவா" என்றாள். தாயம்மா சொன்னார். சொல்லிக்கொண்டே சுற்றினார். உருளையின் கிரீச் சத்தமும் சேர்ந்து பிரமாதமாகப் பதிவானது.

அந்த ஆறு மாதத்தில் விஜிதா கேட்காத கேள்வி இல்லை. என்ன பாட்டுப் பாடுவீர்கள், பால் வாசனை எப்படி இருக்கும், முதல் சம்பளத்தில் என்ன வாங்கினீர்கள் என்று துருவித் துருவிக் கேட்டாள். லயத்தை இடித்த பிறகு எங்கே போவீர்கள் என்றும் ஒருமுறை கேட்டாள். "பிளாட்டு தர்றாங்களாம், பாப்போம்" என்று தாயம்மா உருளையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். அதற்கு மேல் விஜிதா போகவில்லை. தாயம்மாவின் ஐசி, அந்த அடையாள அட்டை, என்ன நிறம் என்று கேட்க அவளுக்குத் தோன்றவே இல்லை. நீல ஐசி வைத்திருக்கும் குடிமக்களுக்கு அந்தக் கேள்வி தோன்றாது. குடியுரிமை இல்லாமல் சிவப்பு ஐசி வைத்திருப்பவர்கள் அதைத் தாங்களாகக் காட்டமாட்டார்கள். பர்ஸின் அடியில், சாமி படத்துக்குப் பின்னால் வைத்திருப்பார்கள்.

கண்காட்சி சிரம்பானில் பழைய கடைவீடு ஒன்றின் மாடியில் திறந்தது. நூற்று நாற்பத்து நான்கு ஷீட்டுகள் கொடிகளில் தொங்கின. கூரை ஒலிபெருக்கியிலிருந்து தாயம்மாவின் குரல் கேட்டுக்கொண்டே இருந்தது: எங்கம்மா சொல்லும், அவுரு கையாலதான் நான் பொறந்தேனாம். கண்காட்சிக்கு ஒரு புத்தகமும் போட்டிருந்தார்கள். கோலாலம்பூரிலிருந்து வந்தவர்கள் நீலத்தைப் பற்றிப் பேசினார்கள். பிரேமநாதன்கூட ஒரு சட்டை தேய்த்துப் போட்டுக்கொண்டு வந்து, மகளைப் பார்த்துக்கொண்டு நின்றார். அவருக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

தாயம்மா பட்டுச்சேலை கட்டிக்கொண்டு வந்தார். அவரைக் காரில் கூட்டிவந்தவர் புவனேஸ்வரன். ஓய்வு பெற்ற அரசாங்க குமாஸ்தா, ஐசி விவகாரங்களுக்கு மனு எழுதிக் கொடுத்துக்கொண்டு தோட்டம் தோட்டமாக அலைகிறவர். தாயம்மா கறிபாப் தட்டோடு நாற்காலியில் உட்கார்ந்துவிட, புவனேஸ்வரன் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு சுற்றி வந்தார். வாசல் பக்கம் கண்ணாடிச் சட்டத்துக்குள் ஒரே ஒரு முழுப் பக்கம் இருந்தது. அழகுக்காக விஜிதா அதை மட்டும் கிழிக்காமல் விட்டிருந்தாள். அவர் மூக்குக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, முகத்தைச் சட்டத்தோடு ஒட்டி, வரி வரியாக வாசித்தார். அன்று அந்த அறையில் அதை வாசித்த ஒரே ஆள் அவர்தான்.

"இது பொறப்புப் பதிவாச்சே" என்றார். "அம்மா பேரு, தேதி, லயம், வீட்டு நம்பரு, கீழ டிரெசர் கையெழுத்து. இந்தப் புக்கு இன்னும் இருக்காம்மா?"

"அஞ்சு புக்கு இருந்துச்சு அங்கிள்."

"இருந்துச்சுன்னா?"

விஜிதா கொடிகளைக் காட்டினாள். அவர் திரும்பிப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, தாயம்மாவுக்குக் கேட்காதபடி விஷயத்தைச் சொன்னார். தாயம்மாவுக்குப் பிறப்புப் பதிவு கிடையாது. அவர் பிறந்த மழையில் யாரும் டவுனுக்குப் போய்ப் பதியவில்லை. பன்னிரண்டு வயதில் ஐசி எடுக்கப் போனபோது கையில் ஒரு தாளும் இல்லாததால் சிவப்பு கொடுத்துவிட்டார்கள். புது பிளாட் குடியுரிமை உள்ளவர்களுக்கு மட்டும்தான். மூன்று தடவை மனு போட்டாகிவிட்டது, மூன்று தடவையும் ஒரே பதில்.

"அறுபத்தொண்ணுல இந்த மண்ணுல பொறந்துச்சுன்னு ஒரு தாளு காட்டிட்டா போதும்மா. வேற ஒண்ணும் கேக்கமாட்டாங்க. வீணா ஆச காட்ட வேணாம்னு இந்தம்மாகிட்ட சொல்லாமலே, டிரெசர் வீட்டுக்காரங்க எங்க போனாங்கன்னு ரெண்டு வருஷமா நானும் விசாரிச்சேன். பக்கத்துலதான் இருந்திருக்கீங்க. வர்ற பதினாலாந்தேதி பதிவு ஆபீசுல கடைசியா கூப்பிட்டிருக்காங்க."

விஜிதா போனை எடுத்து அந்தப் பதினொரு படங்களையும் பெரிதாக்கிப் பார்த்தாள். ஐம்பத்தெட்டு இருந்தது, அறுபத்தாறு இருந்தது, எழுபத்தொன்று இருந்தது. அறுபத்தொன்று இல்லை. கண்ணாடிச் சட்டத்துப் பக்கம் அறுபத்து நான்கு. அறையின் மூலையில் நின்ற அப்பாவிடம் ஓடினாள்.

"அப்பா, அலமாரியில வேற புத்தகம் ஏதும் இருக்கா?"

"அஞ்சையும் தானே கொண்டு போனாய்" என்றார் பிரேமநாதன். "ஏன் பிள்ளை, முகம் வெளிறிப் போச்சு?"

மறுநாள் கண்காட்சி திறப்பதற்கு முன்பே போய், ஒவ்வொரு ஷீட்டையும் இறக்கி வெளிச்சத்துக்கு எதிராகப் பிடித்துப் பார்த்தாள். மை முழுக்கப் போய்விட்டிருந்தது. தாயின் பெயர்கள், தேதிகள், லயங்கள், எல்லாமே அந்த வெளிர் நீலமாகிவிட்டன. பென்சில் மட்டும் கரையவில்லை. தாத்தா ஈரக் கையோடு எழுதிய எடைகள் அப்படியே இருந்தன. ஆறு, ஏழு, ஆறரை, ஐந்து. யாருடைய எடை என்று சொல்ல ஓர் எழுத்து இல்லை. கரைவதற்காகத்தான் ஊறவைத்தாள், கரைந்துவிட்டது. அவள் செய்த வேலைகளிலேயே நினைத்தது நினைத்தபடி நடந்தது இது ஒன்றுதான்.

சாயங்காலம் லாபுவுக்குப் போனாள். வழியெல்லாம் எப்படித் தொடங்குவது என்று ஒத்திகை பார்த்தவளுக்கு, லயத்து வாசலில் தாயம்மாவைப் பார்த்ததும் எல்லாம் மறந்துபோய், நடந்ததை ஒரே மூச்சில் கொட்டிவிட்டாள். தாயம்மா துணி மடித்துக்கொண்டிருந்தார். மடிப்பதை நிறுத்தவில்லை.

"அந்தத் தாளுலயா இருந்துச்சு?"

"ஆமா ஆன்ட்டி."

"நாந்தானே சுத்துனேன்."

"உங்களுக்குத் தெரியாது ஆன்ட்டி. தப்பு என்னுது."

தாயம்மா கையிலிருந்த கைலியை நாலாக மடித்து, ஓரத்தை நீவி, மற்றதன் மேல் வைத்தார். அதன் பிறகுதான் நிமிர்ந்து பார்த்தார்.

"எனக்குத்தான் படிக்கத் தெரியாது பாப்பா. ஒனக்குமா தெரியாது?"

திட்டியிருந்தால் விஜிதா அழுதிருப்பாள், மன்னிப்புக் கேட்டிருப்பாள், கொஞ்சம் பாரம் இறங்கியிருக்கும். தாயம்மா அந்த உதவியைக்கூடச் செய்யவில்லை. தண்ணீர் வேண்டுமா என்று கேட்டார். வேண்டாம் என்றதும் உள்ளே போய்விட்டார். விஜிதா வாசலில் நின்றாள். ஆறு மாதம் வந்து போன வீடு. அன்றைக்கு அங்கே நிற்பதற்கு அவளுக்கு ஒரு காரணமும் இல்லை.

பதினாலாம் தேதி விஜிதா, தாயம்மா, புவனேஸ்வரன் மூன்று பேரும் பதிவு அலுவலகத்துக்குப் போனார்கள். விஜிதா சத்தியக் கடுதாசி ஒன்று எழுதி, சத்தியப் பிரமாணக் கமிஷனர் முன்னால் கையெழுத்துப் போட்டுக் கொண்டுவந்திருந்தாள். இன்ன தேதியில் என் தாத்தாவின் புத்தகங்கள் என்னிடம் இருந்தன, அவற்றை நான் அழித்துவிட்டேன். அதிகாரி ஒரு மலாய்ப் பெண்மணி, தலைத்துண்டில் சிறிய பூக்கள். பொறுமையாக வாசித்தார்.

"புத்தகத்தில் இவர் பெயரைப் பார்த்தீர்களா?" என்று மலாயில் கேட்டார்.

பார்த்தேன் என்று சொல்லிவிடலாம். ஒரு சொல் போதும். தொண்டை வரை வந்தும்விட்டது. ஆனால் எந்தப் பக்கம், எந்தத் தேதி, தாயின் பெயர் எப்படி எழுதியிருந்தது என்று அடுத்த கேள்வி வரும். புவனேஸ்வரன் வேண்டாம் என்று லேசாகத் தலையை ஆட்டினார். பொய் சத்தியம் என்று வந்துவிட்டால் தாயம்மாவின் மனு அத்தோடு குப்பைக்குத்தான் போகும்.

"நான் வாசிக்கவில்லை" என்றாள் விஜிதா.

அப்போது தாயம்மா கைப்பையைத் திறந்து, கண்காட்சிப் புத்தகத்தை எடுத்து மேசைமேல் வைத்தார். விஜிதாவே கையெழுத்துப் போட்டுக் கொடுத்த பிரதி. ஒரு பக்கத்தில் பேருந்துச் சீட்டை அடையாளமாக வைத்திருந்தார். அங்கே தாயம்மாவின் படம், உருளையோடு. கீழே மூன்று மொழிகளில் அச்சடித்திருந்தது: தாயம்மா, பிறப்பு 1961, லாபு, நெகிரி செம்பிலான். கலைஞர்கள் பெயரோடு பிறந்த வருஷமும் ஊரும் போடுவது வழக்கம். துணைக்கலைஞர் என்ற மரியாதைக்காக விஜிதா தாயம்மாவுக்கும் போட்டிருந்தாள்.

"இதுல போட்டிருக்கு" என்றார் தாயம்மா மலாயில். "யாரோ வாசிச்சுக் காட்டுனாங்க. புக்குலயே போட்டிருக்கு."

அதிகாரி புத்தகத்தை வாங்கினார். படத்தைப் பார்த்தார், முன்னும் பின்னும் நாலு பக்கம் புரட்டினார். அந்தம்மாவின் முகத்தில் இளக்காரம் இல்லை, அதுதான் விஜிதாவால் தாங்க முடியாததாக இருந்தது.

"இந்த வருஷத்தையும் ஊரையும் யார் கொடுத்தது?"

விஜிதா தரையைப் பார்த்தாள். "அவங்களே சொன்னாங்க" என்றாள்.

அதிகாரி புத்தகத்தை மூடி, இரண்டு கைகளாலும் தாயம்மாவிடம் திருப்பிக் கொடுத்தார். புத்தகம் மிக அழகாக இருக்கிறது என்றார். முடிவு கடிதத்தில் வரும் என்றார். கடிதத்தில் என்ன வரும் என்று நால்வருக்கும் தெரிந்திருந்தது.

வெளியே வந்ததும் புவனேஸ்வரன் கார் எடுக்கப் போனார். வெயில் மண்டையைப் பிளந்தது. தாயம்மா புத்தகத்தைப் பையில் வைத்து ஜிப்பை இழுத்தார்.

"அந்த எடம் இங்கதானே பக்கத்துல?"

"எது ஆன்ட்டி?"

"ஷீட்டு தொங்குற எடம்."

நடந்தே போனார்கள். மாடியில் அந்த நேரத்துக்கு யாரும் இல்லை. கூரைக் குரல் மட்டும் யாருமற்ற அறைக்குச் சொல்லிக்கொண்டிருந்தது. தாயம்மா முதல் கொடியிலிருந்து தொடங்கினார். எழுத்து வாசிக்கத் தெரியாவிட்டாலும் எண் தெரியும். பால் வெட்டி எடை போட்ட காலத்தில் கற்றது. தொடாதீர்கள் என்ற அட்டையைத் தாண்டி, ஒவ்வொரு ஷீட்டையும் விரலால் திருப்பி, கீற்றுகளில் இருந்த பென்சில் எண்களைப் பார்த்துக்கொண்டே போனார். ஓர் இடத்தில் நின்றார். மூன்றாவது கொடியில் இன்னோர் இடத்தில் நின்றார். ஜன்னல் பக்கம் மூன்றாவது முறையாக நின்றார். விஜிதா பத்தடி தள்ளிப் பின்னாலேயே போனாள்.

"மூணு எடத்துல அஞ்சு ராத்தல் இருக்கு" என்றார் தாயம்மா. "இதுல நான் எது பாப்பா?"

விஜிதா அழுதாள். தாயம்மா அவளைத் தேற்றவில்லை, கோபிக்கவும் இல்லை. விரலில் பிடித்திருந்த ஷீட்டை விட்டார். பிறகு கூரையைக் காட்டினார்.

"அத நிறுத்திரு. ஆருமே கேக்கலல்ல."

விஜிதா சுவரோரம் போய், பிளக்கைப் பிடுங்கினாள். "தராசுல போட்டுப் பாத்துட்டு" என்ற இடத்தில் குரல் நின்றது. கீழே புவனேஸ்வரன் ஹாரன் அடித்தார். தாயம்மா செருப்பை மாட்டிக்கொண்டு, கைப்பிடியைப் பிடித்து ஒவ்வொரு படியாக இறங்கிப் போனார்.